மௌனப் பட நகைச்சுவையில் அரசியல் நையாண்டியைப் பார்க்கக் கற்றுக்கொள்வது எப்படி?

ஒருவர் ஓடுகிறார். பின்னால் போலீஸ்காரர்கள் துரத்துகிறார்கள். யாரோ யார் முகத்திலோ கேக்கை அப்புகிறார்கள். மௌனப் பட நகைச்சுவை என்றதும் பலருக்கு நினைவில் நிற்பது இவ்வளவுதான். இதில் அரசியலே இல்லை என்று சாதிப்பவர்கள் ஒரு பக்கம். ஒவ்வொரு உதையிலும் புரட்சியைக் கண்டுபிடிப்பவர்கள் மறுபக்கம். இரு தரப்பாருமே படத்தை நிதானமாகப் பார்க்காதவர்கள் என்பது என் கட்சி.

மௌனப் படத்தால் நீண்ட வசனம் பேசி யாரையும் சாட முடியாது. அதனால் அது ரசிகர் கொட்டகைக்குள் நுழையும்போதே மனத்தில் கொண்டுவந்த விஷயங்களை நம்பியிருந்தது. காலையில் படித்த செய்தித்தாள், தெருமுனையில் நின்ற காவலரின் சீருடை, துறைமுகத்துச் சிலை எல்லாம் அவற்றில் அடக்கம். நூறு ஆண்டுகளுக்குப் பிறகு பார்க்கும் நம்மிடம் அவை இல்லை. அவற்றைத் தேடி எடுத்துவந்து படத்தின் பக்கத்தில் வைப்பதுதான் நாம் செய்ய வேண்டிய வேலை.

முதல் படி: நல்ல பிரதி, சரியான வேகம்

இதை அலட்சியம் செய்தால் மற்ற எல்லாம் வீண். அக்காலப் படக்கருவிகள் பெரும்பாலும் கையால் சுற்றப்பட்டவை. வினாடிக்குச் சுமார் 16 முதல் 20 சட்டங்கள் (படச்சுருளில் அடுத்தடுத்து விழும் தனித்தனிப் படங்கள்) வரை பதிவாகும். பேசும் படம் வந்த பிறகு 24 சட்டங்கள் நிலையான வேகமாயின. பழைய படத்தை அந்த வேகத்தில் ஓட்டினால் மனிதர்கள் எறும்பு போலப் பரபரப்பார்கள். அடிதடிக் காட்சிக்கு அதனால் பெரிய நஷ்டமில்லை. ஆனால் நையாண்டி பெரும்பாலும் ஒரு கணத் தயக்கத்தில், ஒரு திரும்பிப் பார்த்தலில் இருக்கிறது. வேகம் கூடினால் முதலில் காணாமல் போவது அதுதான்.

சாப்ளின் 1916, 1917 ஆண்டுகளில் மியூச்சுவல் நிறுவனத்துக்காக எடுத்த 12 குறும்படங்கள் 1930களில் இசையும் ஒலிகளும் சேர்த்து மறுவெளியீடு செய்யப்பட்டன. இணையத்தில் சுற்றும் மங்கலான பிரதிகள் பல அந்த வழியில் வந்தவை. இத்தாலியின் பொலோன்யா திரைப்படக் காப்பகம் பங்கேற்றுச் சீரமைத்த பதிப்புகள் கிடைத்தால் அவற்றையே பாருங்கள். காட்சிகளுக்கு நடுவே வசனமோ விளக்கமோ காட்டும் எழுத்து அட்டைகளிலும் கவனம் தேவை. ஒரு படம் வேறு நாட்டுக்குப் போகும்போது அட்டைகளைக் கழற்றிப் புதிதாக எழுதிச் சேர்ப்பது அன்று சாதாரணம். அட்டை மாறினால் கிண்டலின் இலக்கும் மாறிவிடலாம்.

மிகப் பழைய அமெரிக்கப் படங்கள் பிழைத்த கதை விசித்திரமானது. 1912 வரை அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் திரைப்படம் என்ற பிரிவே கிடையாது. எனவே நிறுவனங்கள் படச்சுருளின் தனித்தனிப் படங்களை நீண்ட காகிதச் சுருளில் அச்சிட்டு, புகைப்படம் என்று சொல்லி அரசிடம் பதிவு செய்தன. மூலப் படச்சுருள்கள் எரிந்தும் மக்கியும் போயின, காகிதம் நின்றது. அப்படிப் பிழைத்தவை 3,000க்கும் மேல். அவற்றில் பலவற்றை அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் இணையதளத்தில் இலவசமாகவே பார்க்கலாம்.

இரண்டாம் படி: முதலில் சிரித்துவிடுங்கள்

முதல் முறை நிறுத்தாமல் பாருங்கள், குறிப்பு எழுத வேண்டாம். இரண்டாம் முறை மட்டும் ஒரு தாளை வைத்துக்கொண்டு, அரசின் அடையாளம் திரையில் வரும் இடங்களைக் குறியுங்கள்: சீருடை, கொடி, சிலை, பெயர்ப்பலகை, அலுவலக மேசை, கம்பிக் கதவு. சிரிப்பு வந்த இடமும் இந்த அடையாளம் வந்த இடமும் எங்கே ஒன்றாக விழுகின்றனவோ அங்கே மட்டும் மேலே தோண்டினால் போதும்.

மூன்றாம் படி: அன்றைய செய்தித்தாளைத் தேடுங்கள்

இந்தப் படிக்கு எடிசன் நிறுவனத்துக்காக எட்வின் போர்ட்டர் எடுத்த, 1901 பிப்ரவரியில் வெளியான 'டெரிபிள் டெடி, த கிரிஸ்லி கிங்' என்ற படத்தைவிடச் சிறந்த உதாரணம் எனக்குத் தெரியாது. மொத்தமே ஏறக்குறைய ஒரு நிமிடம்தான். சரிவான காட்டில் துப்பாக்கியுடன் ஒருவர் ஓடி வருகிறார். அவர் பின்னால் இரண்டு பேர். ஒருவர் மேல் தொங்கும் அட்டையில் 'என் பத்திரிகைத் தொடர்பாளர்' என்றும், மற்றவர் மேல் 'என் புகைப்படக்காரர்' என்றும் எழுதியிருக்கிறது. வேட்டைக்காரர் மரத்தைச் சுற்றிச் சுற்றி உளவு பார்க்கிறார், முழங்காலிட்டுக் குறி வைக்கிறார், சுடுகிறார். மரத்திலிருந்து விழுவது ஒரு கறுப்புப் பூனை. அவர் கத்தியை உருவிக்கொண்டு அதன்மேல் பாய்ந்து பலமுறை குத்துகிறார். பிறகு வெற்றி வீரராக நிமிர்ந்து நிற்க, ஒருவர் படம் பிடிக்கிறார், மற்றவர் சாகசத்தை எழுதிக்கொள்கிறார்.

எதுவும் தெரியாமல் பார்த்தால் இது அசட்டுத்தனமான பூனை வேட்டை. அன்றைய நியூயார்க் ரசிகருக்கு அப்படியல்ல. துணை அதிபராகத் தேர்வாகிப் பதவியேற்பை எதிர்நோக்கியிருந்த தியோடர் ரூஸ்வெல்ட் அந்த வாரங்களில்தான் கொலராடோவில் மலைச் சிங்க வேட்டைக்குப் போயிருந்தார். வேட்டைச் செய்திகள் பத்திரிகைகளில் வந்தபடி இருந்தன. அவருடைய கட்சிக்கு எதிர் முகாமில் இருந்த வில்லியம் ராண்டால்ஃப் ஹெர்ஸ்டின் 'நியூயார்க் ஜர்னல்' இதைக் கேலி செய்து கருத்துப்படங்கள் வெளியிட்டது. போர்ட்டர் அவற்றைத்தான் அசையும் படமாக ஆக்கினார். பாத்திரங்கள் மேல் தொங்கும் அட்டைகளும் கருத்துப்படத்திலிருந்து வந்தவையே. ஓவியர்கள் ஆளின்மேல் பெயரை எழுதிவைக்கும் அதே பழக்கம். வேட்டைக்காரருக்கு மட்டும் அட்டை இல்லை என்பதைக் கவனியுங்கள். அவர் யார் என்று யாருக்கும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது, கேலியின் இலக்கு வேட்டை அல்ல என்பதுதான். பூனையைக் கொல்வதைவிட, கொன்றதும் படம் பிடிக்க நிற்கும் அந்தத் தோரணையே இங்கு நகைப்புக்குரியது. விளம்பர ஆளையும் புகைப்படக்காரரையும் கூடவே கூட்டிக்கொண்டு திரியும் அரசியல்வாதியைச் சினிமா தன் தொடக்க ஆண்டுகளிலேயே அடையாளம் கண்டுவிட்டது. அதே ஆண்டு செப்டம்பரில் அதிபர் மெக்கின்லி சுடப்பட்டு இறக்க, ரூஸ்வெல்ட் அதிபரானார். பிப்ரவரியில் வருங்காலத் துணை அதிபரைக் கிண்டல் செய்த படம், செப்டம்பரில் அதிபரைக் கிண்டல் செய்யும் படமாகிவிட்டது.

நீங்களும் இதைச் செய்யலாம். படம் வெளியான தேதியைக் கண்டுபிடியுங்கள். அதற்கு முந்தைய சில வாரங்களின் செய்தித்தாள்களைப் புரட்டுங்கள். அமெரிக்கப் படம் என்றால் நாடாளுமன்ற நூலகத்தின் 'குரோனிக்ளிங் அமெரிக்கா' தொகுப்பு இலவசம். முதல் பக்கத்தையும் கருத்துப்படத்தையும் பார்த்தால் போதும். தலையங்கம் அநேகமாக உதவாது.

சில படங்களுக்கு இன்னும் பின்னோக்கிப் போக வேண்டியிருக்கும். போர்ட்டரின் 1907ஆம் ஆண்டுப் படமான 'த டெடி பேர்ஸ்' குழந்தைக் கதையாகத் தொடங்குகிறது: ஒரு சிறுமி, மூன்று கரடிகள். கடைசியில் ரூஸ்வெல்ட் சாயலில் ஒருவர் வந்து பெரிய கரடிகள் இரண்டையும் சுட்டுவிட்டு, குட்டியை மட்டும் விட்டுவைக்கிறார். 1902இல் மிசிசிப்பி வேட்டையில் கட்டிவைத்த கரடியைச் சுட ரூஸ்வெல்ட் மறுத்ததும், கிளிஃபர்ட் பெரிமன் அதை 'வாஷிங்டன் போஸ்ட்' இதழில் வரைந்ததும், அதிலிருந்து டெடி பொம்மை பிறந்ததும் தெரியாவிட்டால் அந்த முடிவு வெறும் கொடூரமாகவே தெரியும். தெரிந்தால், ஒரு தலைவரின் கருணைப் புகழைத் திருப்பிப்போட்டுப் பார்க்கும் குறும்பு புலப்படும்.

நான்காம் படி: எதன் பக்கத்தில் எது வருகிறது?

1917 ஜூனில் வெளியான சாப்ளினின் 'தி இமிக்ரன்ட்' படத்தின் முதல் பாதியை எடுத்துக்கொள்ளுங்கள். ஆடும் கப்பல், குமட்டும் பயணிகள், நெருக்கியடிக்கும் சாப்பாட்டுக்கூடம். பிறகு சுதந்திர நாட்டை வந்தடைந்தோம் என்று ஓர் எழுத்து அட்டை. அடுத்து சுதந்திர தேவி சிலை. கப்பலின் ஓரத்தில் நிற்கும் ஏழைகள் ஏக்கத்துடன் அதைப் பார்க்கிறார்கள். உடனே அதிகாரிகள் வந்து ஒரு கயிற்றை இழுத்துக் கட்டி அவர்களை மாடுகளைப் போல ஓரம் தள்ளுகிறார்கள்.

இவ்வளவுதான் காட்சி. யாரும் முழங்கவில்லை, யாரும் கண்ணீர் விடவில்லை. சிலை, கயிறு என்ற வரிசையே எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறது. இடையில் வேறு ஒரு காட்சி இருந்திருந்தால், அல்லது அட்டையில் 'சுதந்திரம்' என்ற சொல் இல்லாமல் 'நியூயார்க்' என்று மட்டும் இருந்திருந்தால், இந்த நையாண்டி செத்திருக்கும். பிறகு சாப்ளின் ஓர் அதிகாரியின் பின்புறத்தில் உதைக்கிறார். உதை பிரபலமானது, ஆனால் கூர்மை கயிற்றில்தான் இருக்கிறது. உதை இல்லாமலும் காட்சி நிற்கும், கயிறு இல்லாமல் நிற்காது.

இப்போது மூன்றாம் படியை இதன்மேல் பொருத்துங்கள். 1917 பிப்ரவரியில், அதிபர் வில்சனின் தடுப்பதிகாரத்தையும் மீறி, அமெரிக்க நாடாளுமன்றம் புதிய குடியேற்றச் சட்டத்தை நிறைவேற்றியது. 16 வயதுக்கு மேற்பட்டவர்கள் ஏதாவது ஒரு மொழியில் வாசித்துக் காட்ட வேண்டும் என்ற விதி அதில் வந்தது. ஆசியாவின் பெரும்பகுதியிலிருந்து வருபவர்களுக்குக் கதவு அடைக்கப்பட்டது. அந்தப் பகுதிக்குள் இந்தியாவும் அடக்கம். சட்டம் வந்து நான்கு மாதத்தில் இந்தப் படம். கப்பலில் இருந்த ஐரோப்பிய ஏழைகளுக்குக் கயிறாவது கட்டினார்கள், நம் ஆட்களுக்குக் கப்பலே இல்லை. படம் அதைப் பேசவில்லை என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். ஒரு நையாண்டி யாரைக் காணத் தவறுகிறது என்பதும் அதன் அரசியல்தான்.

ஐந்தாம் படி: அடி யார்மேல் விழுகிறது?

மேலிருப்பவர்மேல் விழுகிறதா, பக்கத்திலிருப்பவர்மேலா, கீழே கிடப்பவர்மேலா என்று ஒவ்வொரு படத்திடமும் கேளுங்கள். விடை பல சமயம் சங்கடமாக இருக்கும்.

மாக் சென்னட் 1912இல் தொடங்கிய கீஸ்டோன் நிறுவனத்தின் போலீஸ்காரர்கள் வண்டியிலிருந்து உருளுவார்கள், தண்ணீரில் விழுவார்கள். அதிகாரத்தைக் கவிழ்க்கும் சிரிப்பு என்று இதைப் புகழ்வது வழக்கம். எனக்கு அதில் முழு உடன்பாடில்லை. அங்கே போலீஸ் திறமையில்லாதது, அவ்வளவுதான். போலீஸ் எதற்காக, யாருக்காக என்ற கேள்வி எழுவதில்லை.

பஸ்டர் கீட்டன் எட்வர்ட் கிளைனுடன் சேர்ந்து இயக்கி 1922 மார்ச்சில் வெளியிட்ட 'காப்ஸ்' அந்தக் கேள்வியைத் தொடுகிறது. முதல் காட்சியில் கீட்டன் கம்பிகளுக்குப் பின்னால் நின்று ஒரு பெண்ணிடம் பேசுகிறார்; சிறை என்றே நினைப்போம். அடுத்த கோணத்தில் பார்த்தால் அது அவளுடைய மாளிகையின் இரும்புக் கதவு. அவள் மேயரின் மகள். அவன் நிற்பது சிறைக்கு வெளியேயா உள்ளேயா என்பதைப் படம் கடைசிவரை தீர்மானிக்கவிடுவதில்லை.

பிறகு போலீஸ் அணிவகுப்பு நடுவே கீட்டனின் குதிரை வண்டி தெரியாமல் நுழைகிறது. கூரையிலிருந்து ஒரு அராஜகவாதி (அரசே கூடாது என்பவர்) வீசும் வெடிகுண்டு அவர் பக்கத்து இருக்கையில் விழுகிறது. அவர் பதறவில்லை. எரியும் திரியில் சிகரெட்டைப் பற்றவைத்துக்கொண்டு குண்டைத் தூக்கிப் போடுகிறார். அது அணிவகுப்பில் வெடிக்கிறது. அதன்பின் நகரத்துப் போலீஸ் முழுவதும் ஒரே ஒரு மனிதனைத் துரத்துகிறது.

அந்தச் சிகரெட் சாதாரண வேடிக்கை அல்ல. 1919இல் அமெரிக்க அட்டர்னி ஜெனரல் பாமரின் வீட்டில் குண்டு வெடித்தது. அவர் பதிலுக்கு வெளிநாட்டவர்களையும் இடதுசாரிகளையும் ஆயிரக்கணக்கில் வளைத்துப் பிடித்தார். 1920 செப்டம்பரில் வால் ஸ்ட்ரீட்டில் வெடித்த குண்டுக்கு முப்பதுக்கும் மேற்பட்டோர் பலியானார்கள். அந்தக் காயம் ஆறும் முன்னரே, குண்டு வீசியவனைக் கண்டுகொள்ளாமல் பக்கத்தில் நின்றவனைத் துரத்தும் காவல் துறையைக் கீட்டன் காட்டுகிறார். அவர் முழு நிரபராதியும் அல்ல. கீழே விழுந்த ஒரு பர்ஸிலிருந்த பணம் முன்பே அவர் கைக்கு வந்திருக்கிறது. ஆனால் அதற்கும் நூற்றுக்கணக்கான சீருடைகளுக்கும் இடையிலுள்ள விகிதம்தான் இங்கே நகைச்சுவை. முடிவில் மேயரின் மகள் முகத்தைத் திருப்பிக்கொள்ள, போலீஸாரை அடைத்த நிலையத்துக் கதவை அவரே திறந்து அவர்கள் கையில் அகப்படுகிறார். கடைசியில் ஒரு கல்லறைக் கல், அதன்மேல் அவருடைய தொப்பி.

போர்க்கால நகைச்சுவை இதற்கு நேர் எதிர். சாப்ளினின் 'ஷோல்டர் ஆர்ம்ஸ்' 1918 அக்டோபரில், முதல் உலகப் போர் ஓய்வதற்கு மூன்று வாரம் முன்னால் வந்தது. நாயகன் ஜெர்மன் பேரரசர் கைசரையே சிறைபிடிக்கிறான். கைசராக நடித்தவர் சாப்ளினின் அண்ணன் சிட்னி. பதுங்குகுழியின் தண்ணீரும் பேனும் பசியும் கூர்மையாகப் பதிவான படம்தான். ஆனால் எதிரி நாட்டு மன்னரைக் கேலி செய்ய எவரிடமும் அனுமதி வாங்க வேண்டியதில்லை.

பெண் இயக்குநர் அலிஸ் கீ 1906இல் பிரான்சின் கோமோன் நிறுவனத்துக்கு எடுத்த 'பெண்ணியத்தின் விளைவுகள்' படத்தில் ஆண்கள் தைக்கிறார்கள், இஸ்திரி போடுகிறார்கள், குழந்தையைப் பார்த்துக்கொள்கிறார்கள். பெண்கள் கஃபேயில் குடித்துப் புகைக்கிறார்கள், வழியில் போகும் ஆண்களைச் சீண்டுகிறார்கள். முடிவில் ஆண்கள் கிளர்ந்தெழுந்து கஃபேயைக் கைப்பற்றுகிறார்கள். அடி யார்மேல்? பெண்ணுரிமையைக் கிண்டல் செய்யும் படம் என்றே அன்றைய ஆண் ரசிகர் சிரித்திருக்கலாம். ஆனால் பெண் பார்த்தால், அந்த ஆண்கள் படும் பாடு எல்லாம் அவள் அன்றாடம் படுவது. இந்த வகையில் முடிவு சொல்லாமல் இரு வாசிப்பையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வைப்பதே நேர்மை. வாக்குரிமை கேட்ட பெண்களாக ஆண்களே வேடமிட்டுக் கூத்தடித்த அக்காலப் படங்களுக்கு இந்தச் சலுகை தேவையில்லை. அங்கே அடி கீழ்நோக்கித்தான்.

ஆறாம் படி: எங்கே ஓடியது, எங்கே தடுக்கப்பட்டது?

1915 பிப்ரவரியில் அமெரிக்க உச்ச நீதிமன்றம், திரைப்படம் என்பது லாபத்துக்கான வியாபாரம், அதற்குப் பேச்சுரிமைப் பாதுகாப்பு கிடையாது என்று தீர்ப்பளித்தது. 1952 வரை அதுவே சட்டம். மாநிலத் தணிக்கைக் குழுக்கள் கத்தரிக்கோலுடன் காத்திருந்தன. வசனமாக எழுதினால் வெட்டுவார்கள், தடுக்கி விழுந்தால் வெட்ட மாட்டார்கள். நேரடியான கருத்தைவிட உடல் நகைச்சுவைக்குள் அரசியல் புகுந்துகொண்டதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

இந்தியாவில் 1918இல் படங்களைத் தணிக்கை செய்ய வழிவகுத்த சினிமாட்டோகிராஃப் சட்டம் வந்தது. 1921இல் வந்த 'பக்த விதுர்' நகைச்சுவைப் படம் அல்ல, மகாபாரதக் கதை. ஆனால் விதுரர் காந்தி குல்லாவுடன் தோன்றினார். சென்னையில் படத்துக்குத் தடை விழுந்தது. ஒரு குல்லா போதுமாக இருந்தது. அதே ஆண்டு வங்காளத்தில் தீரேந்திரநாத் கங்குலி நடித்த 'பிலாத் ஃபெராத்', சீமைக்குப் போய்த் திரும்பியவரின் மேனாட்டு மோகத்தைக் கேலி செய்தது. அந்தக் கேலியின் அடி வெள்ளையன்மேல் அல்லாமல் நம்மவர்மேல் விழுந்தது.

ஏழாம் படி: உங்கள் வாசிப்பையே சந்தேகியுங்கள்

'தி இமிக்ரன்ட்' படத்துக்கே திரும்புவோம். கெவின் பிரவுன்லோவும் டேவிட் கில்லும் 1983இல் எடுத்த ஆவணப்படம், சாப்ளின் ஒதுக்கிவைத்த படச்சுருள்களை வரிசைப்படுத்திக் காட்டியது. அதன்படி சாப்ளின் முதலில் எடுத்தது இரண்டாம் பாதியின் உணவகக் காட்சியைத்தான். கையில் காசில்லாதவன், முரட்டுப் பரிமாறுபவர், எதிரே ஓர் ஏழைப் பெண். இந்த இருவருக்கும் முன்பே பழக்கம் எப்படி என்ற கேள்விக்கு விடையாகத்தான் கப்பல் பின்னால் வந்தது. குடியேற்றச் சட்டத்தைத் தாக்கவே அவர் புறப்பட்டார் என்று எழுதினால் அது கட்டுக்கதை. கதையின் ஓட்டையை அடைக்கக் கப்பலைத் தேடிப் போனவர், கப்பலில் ஏறியதும் தானும் கடல் கடந்து வந்தவன் என்பதை மறக்கவில்லை என்று எழுதினால் ஏற்கலாம். 1952இல் அமெரிக்கா அவருடைய மறுநுழைவு அனுமதியை ரத்து செய்தபோது அவர் கப்பலில்தான் இருந்தார். ஆனால் அந்த நிகழ்ச்சியை 1917ஆம் ஆண்டுக் காட்சிக்குள் திணிக்காதீர்கள். படம் தீர்க்கதரிசனம் சொல்லவில்லை.

எட்டாம் படி: பயிற்சி

'டெரிபிள் டெடி'யில் தொடங்கி, அலிஸ் கீ, 'தி இமிக்ரன்ட்', 'காப்ஸ்' என்று போங்கள். எல்லாம் சேர்ந்து ஒரு மாலைப் பொழுதுக்குள் அடங்கும். கடைசியாக, சோவியத் இயக்குநர் லெவ் குலெஷோவ் 1924இல் எடுத்த முழுநீளப் படம் ஒன்று: போல்ஷ்விக்குகளின் (ரஷ்யக் கம்யூனிஸ்டுகளின்) நாட்டில் மிஸ்டர் வெஸ்ட் அனுபவித்த சாகசங்கள். மூக்குக்கண்ணாடி அணிந்த அமெரிக்கர், உரோமத் தோல் போர்த்திய காட்டுமிராண்டிகளாக ரஷ்யர்களைக் காட்டும் பத்திரிகைகளை நம்பி, ஒரு கௌபாயைக் காவலுக்கு அழைத்துக்கொண்டு மாஸ்கோ வருகிறார். மோசடிக் கும்பல் ஒன்று அந்தப் பத்திரிகைப் படங்களைப் போலவே வேடமிட்டு அவரைப் பயமுறுத்திப் பணம் பறிக்கப் பார்க்கிறது. அமெரிக்கத் துரத்தல் படங்களின் வித்தைகளையே கையாண்டு அமெரிக்காவின் பயத்தைக் கிண்டல் செய்யும் இந்தப் பகுதி அபாரம்.

பிறகு அசல் போல்ஷ்விக் வந்து அவரை மீட்கிறார். வெஸ்ட் அசல் மாஸ்கோவைப் பார்க்கிறார், படை அணிவகுப்பைப் பார்க்கிறார், அந்தப் பத்திரிகைகளைக் கொளுத்திவிட்டு லெனின் படத்தை மாட்டும்படி மனைவிக்குச் செய்தி அனுப்புகிறார். அணிவகுப்பு வந்த கணத்தில் நகைச்சுவை நின்றுவிடுகிறது; குலெஷோவ் அங்கே யாரையும் தடுக்கி விழ விடவில்லை. இந்த அணிவகுப்பையும் 'காப்ஸ்' படத்தின் போலீஸ் அணிவகுப்பையும் அடுத்தடுத்து ஓட்டிப் பாருங்கள். ஒன்றில் சீருடை வரிசை வந்ததும் சிரிப்பு தொடங்குகிறது, மற்றதில் அதே இடத்தில் முடிகிறது. உங்கள் குறிப்புத் தாளில் இரண்டுக்கும் நேரே அந்த நிமிடத்தை எழுதிக்கொள்ளுங்கள்.